மூன்றாம் நாள் மல்லிகை

படகு துறையை விட்டு நகர்ந்ததுமே வாசனை கிளம்பிவிட்டது. அனுசுயா துப்பட்டாவை இன்னொரு சுற்று இழுத்துப் போர்த்திக்கொண்டு ஜன்னலோரமாக ஒண்டினாள். ஏசி போட்ட கூடம், மேசைக்கு மேசை பிளாஸ்டிக் பூங்கொத்து, கண்ணாடிக்கு வெளியே வியட்நாம் கடல். இதற்கு நடுவில் மல்லிகை எங்கிருந்து மணக்கிறது என்று யாராவது மூக்கை உறிஞ்சித் திரும்பிப் பார்த்தால் என்ன சொல்வது? தலையில் இருக்கிறது என்று சொல்ல முடியாது, தலையில் கிளிப் மட்டும்தான் இருந்தது. பூ உள்ளே இருந்தது. சுடிதாருக்குள்ளே, மார்பைச் சுற்றி இறுக்கிக் கட்டிய வெள்ளைத் துணிக்குள்ளே, இரண்டு பக்கமும் நெருக்கித் தொடுத்த மல்லிகைச் சரம். பால் வற்றுவதற்கு. துறையூரில் அத்தை, அதாவது அவள் மாமியார், கிளம்புகிற அன்று ஈரத்துணியில் சுற்றி டப்பாவில் அடைத்துக் கொடுத்தது; ஓட்டல் அறையின் குட்டி ஃப்ரிட்ஜில் பீர் டின்களுக்குப் பக்கத்தில் குளிர்ந்து கிடந்தது. முதல் நாள் சரம் வெள்ளையாக இருந்தது. இரண்டாம் நாள் மஞ்சளித்தது. இன்றைக்கு மூன்றாம் நாள், கடைசிச் சரம், காலையில் எடுக்கும்போதே ஓரமெல்லாம் பழுத்து, வாசனை மட்டும் முன்னைவிடக் கனமாக, கல்யாணம் முடிந்த மறுநாள் மண்டபத்தைப் பெருக்கும்போது வருமே, அந்த மாதிரி. முதுகுப்பக்கம் முடிச்சு அவளுக்கு எட்டவில்லை. புருஷன் குணசீலன்தான் போட்டுவிட்டான். லாரியில் தார்ப்பாய் கட்டுகிற முடிச்சு, அவனுக்குத் தெரிந்த முடிச்சு அது ஒன்றுதான். இழுத்துவிட்டு, "போதுமா, இன்னும் டைட் பண்ணவா?" என்று கேட்டான். போதும் என்றாள். போதவில்லை என்பதும் அதிகம் என்பதும் ஒரே நேரத்தில் எப்படி உண்மையாக இருக்க முடியும், ஆனால் இருந்தது. துணிக்குள் இரண்டு கல் இருந்தது. அக்குள்வரை வேர் ஓடிய கல். கையைத் தூக்கினால் வலித்தது, தூக்காமல் வைத்திருந்தாலும் வலித்தது, படகு லேசாக ஆடும்போதெல்லாம் அவை தனியாக ஒருமுறை ஆடி நின்றன.

கல்லைப் பார்க்கத்தான் எல்லோரும் வந்திருந்தார்கள். பனிக்குள்ளிருந்து ஒவ்வொன்றாக எழுந்து வந்தது, கறுத்து, செங்குத்தாக, தலையில் மட்டும் பச்சைப் புதர் முளைத்து. கைடு பெண் லான் மைக்கைப் பிடித்து இங்கிலீஷில் சொல்ல, சென்னையிலிருந்து கூட வந்த டூர் மேனேஜர் ஜெரால்டு அதைத் தமிழாக்கினான். "இது ஹாலோங் விரிகுடா. நீங்க பாக்குற தீவு அத்தனையும் சுண்ணாம்புக்கல்." அவ்வளவுதான், கூடமே நிமிர்ந்து உட்கார்ந்தது. வந்திருந்த எல்லோரும் ஒரே கம்பெனியின் சிமெண்டு டீலர்கள். விற்றதற்குப் பரிசாகக் கம்பெனி கூட்டிவந்த டூர், டீலருக்கும் மனைவிக்கும் மட்டும். எல்லோர் தலையிலும் ஒரே மஞ்சள் தொப்பி. "ஏம்ப்பா ஜெரால்டு, இவ்ளோ கல்லு சும்மா நிக்குதே, லீசுக்கு விட மாட்டாங்களா?" என்று ஒருவர் கேட்டார். "நம்மூரா இருந்தா இந்நேரம் இந்த மலை பூரா மூட்டையில ஏறி, வீடு கட்டி, வீட்டுக்கு விரிசலும் விட்டிருக்கும்," என்று இன்னொருவர் சொல்ல, குணசீலன் மேசையைத் தட்டிச் சிரித்தான். அனுசுயாவும் சிரித்தாள், சிரிப்பு நெஞ்சுக்கு இறங்குமுன் நிறுத்திக்கொண்டாள், குலுங்கக் கூடாது. அவள் பிறந்த ஊர் அரியலூர்ப் பக்கம். அங்கே கல்லெல்லாம் சிமெண்டுக்குப் போய்விட்டது, குழிதான் மிச்சம், குழியில் பச்சையாகத் தண்ணீர். இங்கே அதே பச்சைத் தண்ணீரில் கல் அப்படியே நிற்கிறது. ஒரு கணம், அங்கிருந்து எடுத்ததையெல்லாம் இங்கே கொண்டுவந்து வைத்துவிட்டார்கள் என்று தோன்றியது. லான் கதை சொல்லிக்கொண்டிருந்தாள்: பகைவர்கள் கப்பலில் வந்தபோது தாய் டிராகன் தன் குட்டிகளோடு வானத்திலிருந்து இறங்கி, வாயிலிருந்து மணிமணியாக உமிழ்ந்ததாம், உமிழ்ந்ததெல்லாம் தீவானதாம். குட்டிகளோடு. குட்டிகளையும் கூட்டிக்கொண்டா வந்தது? சண்டைக்கா? வீட்டில் யாரும் இல்லையா பார்த்துக்கொள்ள? இதைக் கேட்டால் எல்லோரும் சிரிப்பார்கள், நல்ல கேள்வி என்றுகூட லான் சொல்லக்கூடும். அனுசுயா கேட்கவில்லை. கல்லூரியிலும் அப்படித்தான், கேள்வி தொண்டைவரை வரும், அதற்குள் வகுப்பு வேறு பாடத்துக்குப் போய்விடும்.

ஆனால் 'சரி' மட்டும் எப்படி அவ்வளவு சீக்கிரம் வருகிறது? யோசித்து முடிப்பதற்குள் அது வாயை விட்டு வெளியே போய்விடுகிறது, செருப்புகூடப் போடாமல். அன்றைக்கு டூர் விஷயத்தைக் குணசீலன் சொன்னதும் அவள்தான் முதலில், "பாப்பாவை விட்டுட்டு எப்படிங்க" என்றாள். அத்தை அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். முறத்தை நிறுத்தவில்லை. "அதான் நல்ல நேரம். பதினோரு மாசம் ஆவுது, நாலு பல்லு மொளைச்சாச்சு. தாயைப் பாக்காம அஞ்சு நாள் இருந்தா தன்னால மறந்துடும். வேப்பெண்ணெய் தடவி அழ விடுறதுக்கு இது எவ்வளவோ மேலு." அதில் ஒரு வார்த்தைகூடத் தப்பில்லை. சத்தம் இல்லை, அதட்டல் இல்லை. "சரிங்க அத்தை." அம்மாவிடம் போனில் சொன்னால் அம்மா என்னவாவது சொல்வாள் என்று பார்த்தாள், "உங்க அத்தை சொன்னா சரியாத்தான் இருக்கும், பூ வச்சுக் கட்டு, பீச்சி மட்டும் விடாத, பீச்சினா திரும்ப ஊறும்," என்றாள் அம்மா. எல்லோரும் சரி. அவளும் சரி. அப்புறம் எங்கே இடிக்கிறது? இதில் அவளுக்கே வெட்கமான ஒன்று இருந்தது, அதை நினைக்கும்போதெல்லாம் ஜன்னலுக்கு வெளியே பார்த்தாள்: விமானத்தில் அவள் தூங்கினாள். பதினோரு மாதத்தில் அப்படித் தூங்கியதில்லை. வாயைத் திறந்துகொண்டு தூங்கியதாகக் குணசீலன் சொன்னான். விமான நிலையத்தில் இரண்டு கையும் வெறுமையாக வீசி நடந்தபோது இடுப்பில் கனம் இல்லாமல் ஏதோ பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி இருந்தது, சந்தோஷமாகத்தான் இருந்தது, பொய் சொல்லக் கூடாது. அப்படியானால் இப்போது நெஞ்சு வலிப்பது அதற்குத் தண்டனையா, அல்லது வெறும் பால்தானா? பாலுக்குத் தண்டனை கிண்டனை என்றெல்லாம் தெரியுமா? வீடியோ கால் கூடாது என்பது அத்தையின் கட்டளை, முகத்தைப் பார்த்தால் தேடும் என்று. குரல் மட்டும். நேற்று ராத்திரி பேசியபோது, "நல்லாத்தான் இருக்கா நித்திலா. ராத்திரி கொஞ்சம் அழுதா," என்றாள் அத்தை. கொஞ்சம் என்றால்? புரண்டு சிணுங்குவதும் கொஞ்சம்தான். மூச்சு அடைத்து உதடு நீலமாகிற அழுகையையும், அடங்கின பிறகு, கொஞ்சம் அழுதாள் என்றுதான் சொல்வார்கள். அழாவிட்டாலும் பயம். அழாமல் பாட்டிலை வாங்கிக்கொண்டு அத்தை தோளில் தூங்கிவிட்டாள் என்றால்? எதற்குப் பயப்படுகிறோம் என்று ஒரு பக்கமாகத் தீர்மானித்துக்கொண்டால் நிம்மதியாகப் பயப்படலாம்.

"ஏங்கண்ணு, மல்லி வாசம் வருதே, எங்க வச்சிருக்க?" என்று குரல் வந்தது. எதிர் இருக்கையில் வந்து உட்கார்ந்துவிட்டாள் விசாலாட்சி அக்கா, ஆத்தூர் டீலரின் மனைவி, கழுத்தில் சங்கிலியும் காலில் வெள்ளை ஸ்போர்ட்ஸ் ஷூவும். முதல் நாள் பஸ்ஸிலேயே எல்லோருடைய ஊரும் பேரும் கேட்டு வைத்துக்கொண்டவள். "செண்டு அக்கா," என்றாள் அனுசுயா. "செண்டா! நேத்தும் வந்துச்சு. நான் எங்க வீட்டுக்காரர்கிட்டச் சொன்னேன், பாருங்க, பொண்டாட்டிக்கு இந்த நாட்டுலயும் பூத் தேடி வாங்கிக் குடுத்திருக்கான் தொறையூர்த் தம்பின்னு. அவரு ஒரு செருப்புகூட வாங்கித் தந்ததில்ல." பக்கத்து மேசைப் பெண்கள் திரும்பினார்கள். "ஹனிமூனு மாதிரில்ல வந்திருக்காங்க." "தம்பி, எந்தக் கடையில வாங்கினீங்க, எங்களுக்கும் சொல்லுங்க." குணசீலன் காது சிவக்கத் தொப்பியை இறக்கிக்கொண்டான். அனுசுயாவுக்கு எழுந்து போய்விட வேண்டும் போலிருந்தது, படகில் எங்கே போவது, எங்கே போனாலும் வாசனை கூட வரும். ஒரு பெண்ணின் மேல் மல்லிகை மணந்தால் அதற்கு ஒரே ஓர் அர்த்தம்தான் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். அவளும் அப்படித்தானே நினைத்திருந்தாள், கல்யாண ராத்திரி தலை நிறைய வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, இதே பூவுக்கு இன்னொரு வேலை உண்டு என்று யார் சொன்னார்கள்? வரவழைப்பதும் அதுதான், வற்ற வைப்பதும் அதுதான்.

குகைத் தீவுக்குச் சின்னப் படகில் போக வேண்டும், எல்லோருக்கும் லைஃப் ஜாக்கெட். ஆரஞ்சு நிறத்தில் தடித்த பலகைகள் மாதிரி இரண்டு பக்கமும். கொக்கியை மாட்டியபோது கண்ணுக்குள் வெள்ளையாக ஒன்று மின்னியது. உதட்டைக் கடித்துக்கொண்டாள். படிகள், மேலே மேலே படிகள், வேர்வையும் பூவும் கலந்து, துணி ஈரமாகிவிட்டதா வேர்வைதானா என்று கையை வைத்துப் பார்க்க முடியவில்லை, சுற்றிலும் ஆட்கள். குகைக்குள் சில்லென்றிருந்தது. அவளுக்கு மட்டும் கொஞ்சம் அதிகமாகவே சில்லென்றிருந்ததோ, பல் கிட்டியது. லான் டார்ச் அடித்துக் காட்டினாள்: இது ஆமை, இது மீனவன். "பிள்ளையார்!" என்று கத்தினார் ஒருவர். அவ்வளவுதான், எந்தக் கல்லைக் காட்டினாலும் பிள்ளையாராகிவிட்டது. இது தும்பிக்கை, இது தொந்தி. "வலம்புரிங்க இது." "கண்ணாடிய மாட்டிப் பாருங்க, இடம்புரி." தீவிரமாக வாக்குவாதம் நடந்தது, ஒரு டீலர் ஷூவைக் கழற்றிவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார், லான் ஒன்றும் புரியாமல் புன்னகைத்துக்கொண்டு நின்றாள். கூரையிலிருந்து தொங்கிய ஒரு கல்லின் நுனியில் சொட்டு திரண்டு நின்றது. "தொடாதீங்க," என்றான் ஜெரால்டு. "சொட்டு விழுற வரைக்கும் இது வளரும். சொட்டு நின்னுட்டா செத்த கல்லுன்னு சொல்வாங்களாம்." அனுசுயா உடனே முகத்தைத் திருப்பிக்கொண்டாள். எதைப் பார்த்தாலும் அதோடு முடிச்சுப் போடாதே. அது கல். சுண்ணாம்பு கரைந்து இறங்குகிறது, பள்ளிக்கூடப் பாடம், அவ்வளவுதான். ஆனால் நுனியில் நின்ற சொட்டு விழுவதற்குள் அங்கிருந்து நகர முடியவில்லை, விழட்டும், விழுந்ததும் போகலாம் என்று நின்றாள், அப்போதுதான் குழந்தை அழுதது.

எங்கேயோ வளைவுக்கு அந்தப் பக்கம், வேறு கூட்டத்தில், யார் பெற்ற குழந்தையோ. கல்லில் மோதி நாலு பக்கமும் திரும்பி வந்தது அழுகை, ஒரு குழந்தை பத்துக் குழந்தையாக. இரண்டு மார்பிலும் சுருக்கென்று ஊசிகள் ஒன்றாக இறங்கின, தோளிலிருந்து, முதுகிலிருந்து, எல்லாம் அங்கே ஓடி வருவது போல. துணி நனைந்தது. இப்போது சந்தேகமில்லை, சூடாக நனைந்தது, பூவைத் தாண்டி, துணியைத் தாண்டி. லைஃப் ஜாக்கெட்டைக் கழற்றாமல் வந்தது நல்லதாயிற்று. அடி முட்டாளே, அது நித்திலா இல்லை என்று தன் உடம்பிடம் சொன்னாள். கேட்டால்தானே. பாஷை தெரியாத குழந்தைக்கு, முகம் தெரியாத குழந்தைக்கு, இது இப்படி ஓடுகிறது. எந்தக் குழந்தையாக இருந்தாலும் போதுமா இதற்கு? கோபம் வந்தது. கோபத்துக்குப் பின்னாலேயே அது வந்தது: அப்படியானால் அவளுக்கும்? நித்திலாவுக்கும் எந்தத் தோளாக இருந்தாலும், எந்தப் பாட்டிலாக இருந்தாலும் போதுமா? ராத்திரி கொஞ்சம் அழுதாள். அப்புறம்? அப்புறம் நிறுத்தினாளா, யாராவது நிறுத்தினார்களா? அந்தப் பக்கத்துக் குழந்தை சட்டென்று அடங்கியது. யாரோ தூக்கியிருப்பார்கள். அடங்கியதும் குகையில் சத்தமே இல்லாதது போலிருந்தது, பிள்ளையார் சண்டைக்காரர்கள் முன்னால் போய்விட்டிருந்தார்கள். "அனு, என்ன நின்னுட்ட?" என்று குணசீலன் திரும்பி வந்தான். முகத்தைப் பார்த்தான். "வலிக்குதா? இன்னும் ரெண்டு நாளு. உங்கம்மா சொன்னாப்புல பீச்சிடாத, அப்புறம் இவ்ளோ நேரம் பட்டதெல்லாம் வீண்." அவன் குரலில் அக்கறைதான் இருந்தது. படியில் கையைப் பிடித்துத்தான் இறக்கினான்.

படகுக்குத் திரும்பியதும் சாப்பாடு வந்தது, வெளிநாட்டுச் சாம்பார், அதன்மேல் ஆளுக்கு ஆள் ஊரிலிருந்து கொண்டுவந்த பருப்புப் பொடி. அனுசுயா தட்டைத் தொடவில்லை. வெயில் ஏறிவிட்டது, தீவுகள் இப்போது வெளுத்து, கண் கூசியது, அவளுக்குக் குளிர்ந்தது. குளிர்கிறது என்பதையே சற்று நேரம் கழித்துத்தான் கண்டுபிடித்தாள், ஏசியால் என்று நினைத்திருந்தாள். தண்ணீர் டம்ளரை நீட்டிய விசாலாட்சி அக்காவின் விரல் அவள் கையில் பட்டது. "அடக் கடவுளே, கொதிக்குது ஒடம்பு." அக்கா கழுத்தில் கை வைத்தாள். பிறகு குனிந்து, குரலே வேறாக, "பால் குடுக்குற ஒடம்பா கண்ணு நீ? பூவு உள்ளயா இருக்கு?" என்றாள். அனுசுயா தலையை ஆட்டினாள். ஆட்டியதில் கண்ணிலிருந்து தண்ணீர் தெறித்தது, வெட்கமாகப் போயிற்று. "இது தெரியாம ஹனிமூனு கினிமூனுன்னு பேசித் தொலைச்சிட்டேன். எழுந்திரு. கட்டி கட்டிக்கிச்சுன்னா ஆஸ்பத்திரியில கத்தி வச்சு அறுப்பாங்க, எங்க நாத்தனாருக்கு அறுத்தாங்க." "பீச்சினா திரும்ப ஊறுங்களே அக்கா." "ஊறும்." "அப்ப பாலு நிக்காதேக்கா." "நிக்காது. நான் மூணு புள்ளைக்கும் வேப்பெண்ணெய் தடவித்தான் நிறுத்தினேன். மூணாவது புள்ள பால மறந்த அன்னிக்கு அது பாட்டுக்குப் பிஸ்கட்டு தின்னுச்சு, நான்தான் கொல்லையில போய் அழுதேன். எதச் செஞ்சாலும் ஏதோ ஒண்ணு. முதல்ல காய்ச்சலு எறங்கட்டும்." சொல்லிக்கொண்டே மேசையிலிருந்த ஒரு கண்ணாடி டம்ளரை எடுத்து அவள் கையில் திணித்து, படகின் பின்பக்கத்துக்கு நடத்திப் போய், கழிவறைக்குள் தள்ளிக் கதவுக்கு முதுகைக் கொடுத்து நின்றுகொண்டாள்.

உள்ளே ஓர் ஆள் நிற்கத்தான் இடம். வட்டமாக ஒரு சின்ன ஜன்னல், அதில் கடல். தார்ப்பாய் முடிச்சை அவிழ்க்க முடியவில்லை, துணியைக் கீழ்ப்பக்கமாக இறக்கி உருவினாள். பூ பூவாக இல்லை, பழுப்பாகத் தோலோடு ஒட்டியிருந்தது, உரித்த இடத்தில் நாரின் தடம், ஒவ்வொரு மொட்டின் தடம். தொட்டால் கல். வராது என்றுதான் நினைத்தாள். கட்டைவிரலை வைத்து அழுத்தியபோது முதலில் வலிதான் வந்தது, முனகல் வெளியே கேட்டிருக்கும், பிறகு ஒரு துளி, பிறகு நூல் நூலாக நாலைந்து திசையில், சுவரில், முகக்கண்ணாடியில், டம்ளரில். யாரோ கதவுப்பக்கம் வந்தார்கள். "உள்ள ஆளு இருக்கு, மேல போங்க," என்றாள் அக்கா. பிறகு குணசீலன் குரல்: "அனு உள்ளயா இருக்கா? என்னாச்சுக்கா?" "பொம்பளைங்க சமாச்சாரம், நீங்க போயி மலை எத்தனை மூட்டை தேறும்னு கணக்குப் போடுங்க தம்பி." டம்ளர் நிறைந்துவிட்டது. கழுவுகிற தொட்டியில் ஊற்றக் கை போனது, நின்றது. கால் படும் இடத்தில் ஊற்றக் கூடாது, சாக்கடையில் ஊற்றக் கூடாது, செடிக்கு ஊற்று என்று பிள்ளை பெற்றபோது சொல்லியிருந்தார்கள். இங்கே செடிக்கு எங்கே போவது? ஜன்னலைத் திறந்து கடலில் ஊற்றினாள். பச்சையில் ஒரு கணம் வெள்ளையாக நீண்டது, அதற்குள் படகு நகர்ந்துவிட்டது. மறுபடி பிடித்தாள். கல் இளகிக்கொண்டே வந்தது, தோளிலிருந்து பாரம் இறங்கி, கண் தெளிந்து, பசிக்கக்கூடச் செய்தது, ஐயோ பசிக்கிறதே என்று சிரிப்பு வந்தது. அப்போதுதான் கவனித்தாள், மனசுக்குள் ஒரு கணக்கு ஓடிக்கொண்டிருந்தது: ராத்திரி ஒருமுறை எடுக்க வேண்டும், விடிகாலை ஒருமுறை, விமானத்தில் ஒருமுறை. வற்றுவதற்கான கணக்கு இல்லை இது. எப்போது மாறியது? ஊருக்குப் போகும்வரை வற்றாமல் வைத்திருப்பதற்கான கணக்கு. நித்திலா வேண்டாம் என்று முகத்தைத் திருப்பிக்கொள்ளலாம். திருப்பிக்கொள்ளட்டும். அப்போது நிற்கட்டும். அவள் திருப்புவதற்கு முன்னால் இங்கே எதையும் கட்டி வைக்க முடியாது. திருப்பிக்கொண்டால் அழ வேண்டி வரும், விசாலாட்சி அக்காவுக்கு வந்த மாதிரி, கொல்லையில். அழுதால் போகிறது. பூவைத் துணியோடு சுருட்டிக் குப்பைக்கூடையில் போட்டாள். இன்னும் விமானத்தில் தூங்கியதை நினைத்தால் உள்ளே கூசியது, அந்தக் கூச்சம் போகவில்லை, ஆனால் தூங்கினவள்தானே இதையும் செய்கிறாள், இரண்டு பேர் இல்லையே.

வெளியே வந்தபோது குணசீலன் போகாமல் அங்கேயே நின்றிருந்தான். முகத்தையும், டம்ளரையும், தொளதொளவென்று தொங்கிய துப்பட்டாவையும் பார்த்தான். புரிந்துவிட்டது. "பீச்சிட்டியா? அய்யய்யோ. அம்மாகிட்ட என்னன்னு சொல்றது?" "போனக் குடுங்க, நான் சொல்லிக்கிறேன்." அவன் நீட்டிய போனில் அவள் வீடியோவை அழுத்தினாள். "ஏ, வீடியோ வேணாம்னு..." அதற்குள் அந்தப் பக்கம் எடுத்தாயிற்று. முதலில் துறையூர் வீட்டுக் கூரையும் சுழல்கிற ஃபேனும் தெரிந்தன. பிறகு அத்தையின் முகம், கண் இரண்டும் உள்ளே போய், தலை வாரப்படாமல். "ஏம்மா, படிச்சுப் படிச்சு என்ன சொன்னேன், இப்ப ஏன் வீடியோவுல வர?" "அத்தை," என்றாள் அனுசுயா. குரல் நடுங்கியது, நடுங்கட்டும் என்று விட்டாள். "காய்ச்சல் வந்துடுச்சுங்க. பாலை எடுத்துட்டேன். வந்து நான் குடுக்கப் போறேன். அவளா விடுறப்ப விடட்டும்." அத்தை எதையோ சரிசெய்வது போல இருமினாள். "குடு. யாரு வேணாங்குறா?" என்றாள். "எனக்கும் மூணு நாளாத் தூக்கம் இல்ல. பாட்டில மூஞ்சியிலயே வீசுறா. கொஞ்சம் கொஞ்சம்னு உன்கிட்டச் சொன்னேன், நீ அங்கப் போயும் நிம்மதியில்லாமக் கெடப்பியேன்னு." மடியிலிருந்து ஒரு சின்னக் கை எழும்பிப் போனைப் பிடித்தது. நெற்றி, ஒரு கண், உதடு. நித்திலா பார்த்தாள். யார் இது என்பதுபோல வெகுநேரம் பார்த்தாள். பிறகு கீழுதடு பிதுங்கியது, முகம் முழுக்கக் கோணியது, அழுகை போனின் சின்ன ஒலிபெருக்கியைக் கிழித்துக்கொண்டு வந்து கூடத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்களையெல்லாம் திரும்ப வைத்தது. "கட் பண்ணு அனு, எப்படி அழுவுது பாரு," என்று குணசீலன் கை நீட்டினான். அவள் போனை இரண்டு கையாலும் பிடித்து முகத்துக்கு நேராக உயர்த்தினாள். எல்லோரும் பார்த்தார்கள், பார்க்கட்டும்.

"அழட்டுங்க," என்றாள். "என்னைப் பாத்துக்கிட்டே அழட்டும்."